எழுபத்து மூன்றிலேயே நின்றவர்கள்

ஜனவரி 17ஆம் தேதி காலையில் திண்டுக்கல் கடைவீதிப் பக்கம் போனால் அவர்களைப் பார்க்கலாம். சின்னாளபட்டியில் பார்க்கலாம், நிலக்கோட்டையிலும் வேடசந்தூரிலும்கூடப் பார்க்கலாம். வெள்ளை ரோமத் தொப்பி, கறுப்புக் கண்ணாடி, கஞ்சி போட்டுத் தேய்த்த முழுக்கைச் சட்டை, தோளில் ஒரு சால்வை. எழுபது வயதுக்குக் குறைந்தவர்கள் அதிகம் இருக்க மாட்டார்கள். முழங்கால் வலியோடு சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வருவார்கள். எம்.ஜி.ஆர். படத்துக்கு மாலை போடுவார்கள், கூடியிருப்பவர்களைப் பார்த்து இரண்டு விரலை உயர்த்திக் காட்டுவார்கள், சாக்லேட் கொடுத்துவிட்டுப் போய்விடுவார்கள். மற்ற நாள்களிலும் அவர்கள் அதே ஆள்தான் என்பது அக்கம்பக்கத்தாருக்குத் தெரியும். தொப்பி மட்டும் டிரங்குப் பெட்டிக்குள் போயிருக்கும். செல்போன் அடித்தால் டி.எம்.எஸ். பாடுவார். மூத்த பேரன் பெயர் ராமச்சந்திரன். வாயைத் திறந்தால் 'வாத்தியார்' என்றுதான் பேச்சு தொடங்கும்.

இளவட்டங்களுக்கு இது வேடிக்கை. செல்போனில் படம் பிடித்து, நாலு பேருக்கு அனுப்பிச் சிரித்துவிட்டு மறந்துவிடுகிறார்கள். என் வயதுக்காரர்களில் நாலு எழுத்துப் படித்தவர்கள், "இன்னுமா இதெல்லாம்?" என்று முகத்தைச் சுளிக்கிறார்கள். எனக்கு இரண்டுமே ஒப்பவில்லை. இத்தனைக்கும் நான் சிவாஜி ரசிகன். காமராஜர் படம் மாட்டிய வீட்டில் பிறந்தவன். எதிர் முகாமில் நின்றுகொண்டு அவர்களை ஐம்பது வருஷமாகப் பார்த்துவந்திருக்கிறேன். அதனால் கொஞ்சம் நியாயமாகப் பேச முடியும் என்று நினைக்கிறேன்.

நடப்புக் காலத்தை விட்டுவிட்டு, போன காலம் ஒன்றை எடுத்து ஒருவர் உடுத்திக்கொள்கிறார் என்றால், அந்தக் காலம் அவருக்கு எதையோ கொடுத்திருக்கிறது. அதற்குப் பிறகு வந்த காலம் எதுவும் அதைக் கொடுக்கவில்லை. அது என்னவென்று கேட்டுத் தெரிந்துகொள்ளாமல் சிரிப்பது மரியாதை ஆகாது.

திண்டுக்கல்லைப் பொறுத்தவரை அது என்னவென்று தேதியோடு சொல்லலாம். 1972 அக்டோபரில் தி.மு.க.விலிருந்து எம்.ஜி.ஆர். நீக்கப்பட்டார். அந்த மாதம் 17ஆம் தேதியே புதுக் கட்சி ஆரம்பித்தார். அது ஒரு நடிகரின் கட்சி, நூறு நாள் ஓடுமா என்று பேசிக்கொண்டிருந்த நேரத்தில், திண்டுக்கல் எம்.பி. ராஜாங்கம் காலமாகி இந்தத் தொகுதிக்கு இடைத்தேர்தல் வந்தது. உசிலம்பட்டிப் பக்கத்திலிருந்து வந்த வழக்கறிஞர் மாயத்தேவர் வேட்பாளர். அவர் எடுத்த சின்னம்தான் இரட்டை இலை. பின்னாளில் அந்தச் சின்னத்துக்காக டெல்லி வரைக்கும் வழக்கு நடந்தது. அன்றைக்கு அது எத்தனையோ சின்னங்களில் ஒன்று. சுவரில் வரைய லேசாக இருந்தது என்பதுதான் அப்போது ஊரில் சொன்ன காரணம்.

1973 மே 11ஆம் தேதி 'உலகம் சுற்றும் வாலிபன்' வெளியானது. படம் வெளிவந்தால் சேலை கட்டிக்கொள்கிறேன் என்று தி.மு.க.வின் மதுரை முத்து சொன்னதாக ஒரு பேச்சு டீக்கடை டீக்கடையாகச் சுற்றிவந்தது. வாக்குப்பதிவு மே 20. எண்ணி முடித்தபோது ஏழு மாதக் கட்சி 1.4 லட்சம் வாக்குகளுக்கும் மேலான வித்தியாசத்தில் ஜெயித்திருந்தது. எங்கள் காமராஜரின் பழைய காங்கிரஸ் இரண்டாவது. ஆளும் கட்சி மூன்றாவது. அன்றைக்கு ராத்திரி எங்கள் வீட்டில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை. தெருவில் வெடிச்சத்தம் ஓயவில்லை.

வெடித்தவர்கள் யார் என்பதுதான் விஷயம். பேகம்பூர் ஷாப்புகளில் இடுப்பளவு தொட்டியில் நின்று தோல் பதனிட்டவர்கள். நாகல் நகரில் அரத்தை வைத்துப் பூட்டுக்குச் சாவி ராவியவர்கள். சின்னாளபட்டியில் தறி போட்டவர்கள், சுங்குடிச் சேலைக்கு முடிச்சுப் போட்ட பெண்கள், சுருட்டு சுற்றியவர்கள், சிறுமலையிலிருந்து வாழைத்தார் இறக்கிய சுமைக்காரர்கள். அதுவரை அவர்களிடம் யாரும் எதையும் கேட்டதில்லை. முதலாளி கேட்க மாட்டார், சங்கத் தலைவர் கேட்க மாட்டார். தேர்தலுக்கு வருகிறவர்களும் ஊர்ப் பெரியதனக்காரரைப் பார்த்துப் பேசிவிட்டுப் போய்விடுவார்கள். அந்த மே மாதத்தில் மட்டும் இந்தியா முழுவதிலிருந்தும் பத்திரிகைக்காரர்கள் இங்கே வந்து இறங்கி, அந்த ஆள்களிடம் நோட்டுப் புத்தகத்தை நீட்டிக்கொண்டு நின்றார்கள். நீங்கள் என்ன நினைக்கிறீர்கள் என்று கேட்டார்கள். அவர்கள் நினைத்ததுதான் நடந்தது. நாலு வருஷம் கழித்து, 1977 ஜூன் 30ஆம் தேதி, அவர்களுடைய ஆள் முதலமைச்சராகப் பதவியேற்றார். அதற்கு முதல் செங்கல் வைத்தது திண்டுக்கல் என்று அவர்கள் சொல்வதை யாரும் மறுக்க முடியாது.

இருபது இருபத்திரண்டு வயதில் ஒருவனுக்கு இப்படி ஒன்று கிடைத்துவிட்டது. அதற்கப்புறம் அவன் வாழ்க்கையில் என்ன வந்தது? கூலி உயரவில்லை. சந்தைக்கு இயந்திரத்தில் செய்த மலிவுப் பூட்டு வந்து குவிந்தது. தோல் ஷாப்புகள் ஒவ்வொன்றாக மூடின. சுருட்டுக்கு ஆள் இல்லாமல் போனது. 2019இல் திண்டுக்கல் பூட்டுக்குப் புவிசார் குறியீடு கிடைத்தபோது, அதைச் செய்யத் தெரிந்த கைகளில் பாதி நடுங்க ஆரம்பித்திருந்தன. தன் சொல்லுக்கு ஒரு மதிப்பு இருந்தது என்று அவன் அறிந்த ஒரே காலம் எது என்று பார்த்தால், அந்தத் தொப்பி போட்ட காலம்தான். அவன் எம்.ஜி.ஆரைப் பத்திரப்படுத்தி வைத்திருக்கிறான் என்று நாம் நினைக்கிறோம். அவன் பத்திரப்படுத்தி வைத்திருப்பது இருபது வயதில் இருந்த தன்னை.

சினிமாவும் காரணம்தான், அதை இல்லை என்று சொல்ல மாட்டேன். படகோட்டி, தொழிலாளி, விவசாயி, ரிக்‌ஷாக்காரன், மீனவ நண்பன். படத்தின் பெயர்களை மட்டும் வரிசையாகச் சொல்லிப் பாருங்கள், இந்த ஊர்ச் சந்தையில் ஒரு சுற்று சுற்றிவந்த மாதிரி இருக்கும். எங்கள் சிவாஜி ராஜாவாக வந்தார், ஜமீன்தாராக வந்தார், வக்கீலாக வந்தார், உருகி உருகி நடித்தார். பார்த்து அழுதோம். வெளியே வந்து துடைத்துக்கொண்டோம். அவர்களுக்கோ, தாங்கள் செய்கிற அதே வேலையைச் செய்துகொண்டு, அழுக்கு ஒட்டாத சட்டையில், யாருக்கும் தலைகுனியாமல் ஒருவர் திரையில் நின்றார். மறுநாள் காலையில் வேலைக்குப் போகும்போது தலைமுடியை அவரைப் போலவே வாரிக்கொண்டு போனார்கள்.

இதில் ஒன்றை என் முகாம்காரர்கள் ஒருபோதும் ஒப்புக்கொண்டதில்லை. அவர்களுக்கு ஒரு ஒழுங்கு இருந்தது. வாத்தியார் படத்தில் குடிக்க மாட்டார், புகைபிடிக்க மாட்டார் என்பது வெறும் விளம்பரமாக இருக்கட்டும். அதை நிஜமென்று எடுத்துக்கொண்டு நடந்தவர்கள் இருந்தார்கள். எங்கள் தெருவில் ஒருவர் இருந்தார். பையனாகச் சேர்ந்ததிலிருந்து கண் மங்கும் வரைக்கும் சுருட்டு சுற்றியவர். திண்டுக்கல் சுருட்டு என்றால் ஒரு காலத்தில் சீமை வரைக்கும் பெயர். புகையிலையை நீவி, நரம்பைக் கிழித்து எடுத்து, நெஞ்சை ஒட்டிய பலகையில் வைத்து அவர் உருட்டுகிற வேகத்தைப் பார்த்துக்கொண்டே இருக்கலாம். விரலெல்லாம் மஞ்சளேறி, நகம் கறுத்து, சாப்பிடும்போதுகூடப் புகையிலை வாசம் போகாது. ஆனால் ஒரு சுருட்டையும் அவர் வாயில் வைத்து நான் பார்த்ததில்லை. "ஏண்ணே, ஒண்ணு பத்த வச்சுத்தான் பாக்கறது?" என்று கேட்டால், "வாத்தியார் புடிக்க மாட்டாருடா தம்பி" என்பார். அதற்கு மேல் விளக்கம் கிடையாது. புகையிலை ஊரில், புகையிலைத் தொழிலில் இருந்துகொண்டு இப்படி ஒரு விரதம். கோயிலுக்கு மாலை போட்டவர்களே மண்டலம் முடிந்ததும் கழற்றிவிடுகிறார்கள். இவர் கழற்றவே இல்லை.

கையில் பச்சை குத்திக்கொண்டவர்களும் உண்டு. கட்சிக்காரர்கள் கொடியைப் பச்சை குத்திக்கொள்ள வேண்டும் என்று எம்.ஜி.ஆர். ஒருமுறை சொன்னார். படித்த தலைவர்கள் சிலர் முகம் சுளித்து விலகினார்கள். இங்கே உழைப்பாளிகள் குத்திக்கொண்டார்கள். இப்போது தோல் சுருங்கி அந்தப் பச்சை நீலமாகி, உருவம் கலைந்து கிடக்கிறது. ஆஸ்பத்திரியில் ஊசி போட நர்ஸ் கையைப் பிடித்தால், அது என்னவென்று விளக்கிச் சொன்ன பிறகுதான் ஊசி போட விடுவார்கள்.

பெண்களைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் பாதிதான் சொன்னதாகும். தொப்பி போட்டவர்கள் ஆண்கள். ஓட்டுப் போட்டு நிறுத்தியவர்கள் பெண்கள். வேடசந்தூர், குஜிலியம்பாறைப் பக்கத்து மானாவாரி நிலத்தில் மழை தவறினால் அடுப்பு எரியாது. 1982இல் எம்.ஜி.ஆரின் சத்துணவு வந்தபோது, பகலில் பிள்ளைக்கு ஒரு வேளைச் சோறு நிச்சயம் என்ற நிம்மதியோடு களையெடுக்கப் போன தாய்மார்களுக்கு அவர் நடிகராகவே தோன்றவில்லை. அந்தக் கிழவிகள் இன்றைக்கும் 'ரெட்டலை' என்று சொல்லும்போது வீட்டு ஆளைப் பற்றிச் சொல்கிற மாதிரிதான் சொல்வார்கள். 1987 டிசம்பர் 24ஆம் தேதி அவர் இறந்தபோது ஆண்கள் தகப்பனுக்குச் செய்வதுபோல மொட்டை போட்டார்கள். பெண்கள் தெருவில் உட்கார்ந்து ஒப்பாரி வைத்தார்கள். யாரும் சொல்லிக்கொடுத்துச் செய்ததில்லை.

இப்படிப் போன காலத்தை உடுத்திக்கொள்வது தமிழனுக்கு மட்டும் வந்த பைத்தியம் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். இரண்டாம் உலகப்போர் முடிந்த லண்டனில், கூலிக்காரர் வீட்டுப் பையன்கள் எட்வர்ட் மன்னர் காலத்துப் பணக்காரர்களைப் போல நீளக்கோட்டும் குழாய்க் கால்சட்டையும் போட்டுத் திரிந்தார்கள். அந்த மன்னர் செத்து நாற்பது வருஷத்துக்கு மேலாகியிருந்தது. பெரிய இடத்துக்காரர்களுக்கென்று தையல்காரர்கள் மறுபடி கொண்டுவந்த அந்த உடுப்பை, இந்தப் பையன்கள் கடன் வாங்கித் தைத்துப் போட்டதும் பெரிய இடத்துக்காரர்கள் கழற்றி எறிந்துவிட்டார்கள். 1953வாக்கில் பத்திரிகைகள் இவர்களுக்கு 'டெடி பாய்ஸ்' என்று பெயர் வைத்தன. எழுபதுகளில் அவர்களைப் பார்த்து இன்னொரு தலைமுறை அதே கோட்டைப் போட்டது. அதில் மிச்சமிருப்பவர்கள் தாத்தா ஆன பிறகும் தலையில் எண்ணெய் பூசிச் சுருட்டி வாரிக்கொண்டு கூடுகிறார்கள். டோக்கியோவில் யோயோகி பூங்கா வாசலில், ஞாயிற்றுக்கிழமைகளில், தோல் ஜாக்கெட் போட்ட ஜப்பானியர்கள் ஐம்பதுகளின் அமெரிக்கப் பாட்டுக்கு ஆடுகிறார்கள். ஆடுகிறவர்களில் பலர் அந்தப் பாட்டு வந்தபோது பிறந்திருக்கவே இல்லை. எல்விஸ் பிரெஸ்லி மாதிரி உடுத்திக்கொண்டு கல்யாணம் நடத்திவைக்கிறவர்கள் லாஸ் வேகாஸில் இருக்கிறார்கள். எம்.ஜி.ஆர். முதலமைச்சரான அதே 1977இல், ஆகஸ்டு மாதம்தான் எல்விஸ் இறந்தார்.

இவர்களில் இரண்டு வகை உண்டு என்பது கவனிக்க வேண்டியது. அந்தக் காலத்தில் இருந்தவர்கள் ஒரு வகை. இல்லாமலேயே அதை எடுத்துக்கொண்டவர்கள் இன்னொரு வகை. எடுத்துக்கொண்டவர்களை நாம் போலி என்று தள்ளிவிடுவது வழக்கம். நானும் ஒரு கோயில் திருவிழா வரைக்கும் அப்படித்தான் எண்ணியிருந்தேன்.

வடமதுரைக்கு அந்தப் பக்கம் ஒரு சின்ன ஊர். மாரியம்மன் சாட்டு. ராத்திரி ஆடலும் பாடலும். மேடைக்குப் பின்னால் குட்டியானை வண்டியை நிறுத்தி, அதன் பக்கக் கண்ணாடியைப் பார்த்து ஒரு பையன் ரோஸ் பவுடர் பூசிக்கொண்டிருந்தான். முப்பது வயது இருக்கலாம். பகலில் நூல் மில்லில் வேலை. மூக்கின் இரண்டு பக்கமும் கருமை தீட்டி மூக்கைக் கூர்மையாக்கினான். உதட்டுக்குச் சாயம். பொம்மை தைக்கிற ரோமத் துணியில் அவன் மனைவி தைத்துக்கொடுத்த தொப்பி. உள்ளே வியர்வை இறங்காமல் இருக்கப் பழைய பனியன் துணியை மடித்து வைத்திருந்தான். தொப்பியை வைக்கிற வரைக்கும் தோழனோடு கேலி பேசிக்கொண்டு, பீடியை இழுத்துக்கொண்டிருந்தவன், அதை எடுத்துத் தலையில் வைக்கும் முன் பீடியைக் காலில் போட்டு மிதித்தான். வாயைக் கொப்பளித்தான். "தொப்பி போட்டா பீடி தொட மாட்டேங்கய்யா. யாராச்சும் பாத்துட்டா வாத்தியாருக்குத்தான் கெட்ட பேரு" என்றான். அவர் செத்து எத்தனையோ வருஷம் கழித்துப் பிறந்த பையன்.

பாட்டு முடிந்து கீழே இறங்கியபோது, எண்பது வயதுக் கிழவி ஒருத்தி கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து அவன் கையைப் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். அவள் ஒன்றும் ஏமாறவில்லை. அவன் யார் வீட்டுப் பிள்ளை, எந்த மில்லில் வேலை என்பதெல்லாம் அவளுக்குத் தெரியும். ஆனாலும், "சாப்பிட்டியா ராசா?" என்றாள். அவன் தலையைக் கொஞ்சம் சாய்த்து, குண்டடிபட்ட பிறகு எம்.ஜி.ஆருக்கு வந்த அந்தக் குழறிய குரலில், "சாப்பிட்டேம்மா, நீங்க சாப்பிட்டீங்களா?" என்று கேட்டான். மேடையில் வாங்கிய கைதட்டலுக்காக இல்லை, அந்தக் கேள்விக்காகவே அவனுக்குச் சம்பளம் கொடுக்கலாம் என்று எனக்குப் பட்டது. அந்த அம்மாவைச் 'சாப்பிட்டீங்களா' என்று அன்றைக்கு வேறு யாரும் கேட்டிருக்கவில்லை.

இப்போது கம்ப்யூட்டரில் இறந்த தலைவர்களை எழுப்பிப் பேச வைக்கிறார்கள். 2024 ஜனவரியில் கருணாநிதி திரையில் வந்து வாழ்த்தினார். அடுத்த மாதமே ஜெயலலிதா குரல் வந்தது. அச்சு அசலாக இருந்தது என்றார்கள், இருக்கட்டும். திரையில் வருகிற உருவம் எதிரே நிற்கிற கிழவியின் முகத்தைப் பார்த்து, சாப்பிட்டாளா இல்லையா என்று கண்டுபிடிக்காது.

அந்தப் பையனைப் பார்த்த பிறகு நான் யோசித்தது இது. இருந்து வாழ்ந்தவனுக்கு அந்தக் காலம் சொத்து. அதனால் அவன் அதைக் காப்பாற்ற ஒன்றும் செய்ய வேண்டியதில்லை, சொல்லிக்கொண்டிருந்தால் போதும். எடுத்துக்கொண்டவனுக்கு அது கடன். படித்து, பார்த்து, பயின்று, ஒவ்வொரு முறையும் தொப்பிக்குத் தகுந்தபடி நடந்து காட்டியாக வேண்டும். பல இடங்களில் வாழ்ந்தவனைவிட வாங்கியவன்தான் அதை ஒழுங்காக வைத்திருக்கிறான்.

வாழ்ந்தவர்களில் சிலர் கெடுத்துக்கொண்டதையும் பார்த்திருக்கிறேன். எனக்குத் தெரிந்த ஒருவர் ஒவ்வொரு படம் திரும்ப வரும்போதும் பெட்டியை ஊர்வலமாகக் கொண்டுவர, தோரணம் கட்ட, அன்னதானம் போட என்று வட்டிக்கு வாங்கினார். கடைசியில் மனைவியின் சங்கிலி அடகுக்குப் போனது. அந்த அம்மா ஒருநாள் என் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து, "தாயைத் தெய்வமா கும்பிடச் சொன்னாருன்னு இவுரு சொல்லுறாருண்ணே. தாலி கட்டுனவளைப் பத்தி ஒண்ணுமே சொல்லலையா அவுரு?" என்று கேட்டது. பதில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. இன்னொருவர் மகனிடம் இருபது வருஷம் பேசாமல் இருந்தார். காரணம் சொத்து அல்ல, பெண் விஷயம் அல்ல. மகன் வேறொரு நடிகர் மன்றத்தில் சேர்ந்துவிட்டான், அவ்வளவுதான். தனக்கு இருபது வயதில் கிடைத்தது மகனுக்கும் இருபது வயதில் வேண்டியிருக்கும் என்பது அவருக்குத் தோன்றவே இல்லை.

பெரியவர்களுக்கு நான் சொல்ல வேண்டியது இந்த இடத்தில்தான் இருக்கிறது. உங்கள் காலம் உங்களுக்குப் பெரிது. அதை நீங்கள் எத்தனை வருஷம் வேண்டுமானாலும் உடுத்திக்கொள்ளலாம், வெட்கப்பட ஒன்றுமில்லை. இந்த ஊருக்கு அது புதிதும் அல்ல. தலையில் தலப்பா கட்டிக்கொண்டு கல்லாவில் உட்கார்ந்த நாகசாமி நாயுடு 1957இல் தொடங்கிய கடையின் பெயர் ஆனந்த விலாஸ். ஜனங்கள் தலப்பாவைப் பார்த்து வைத்த பெயர்தான் இன்றைக்கு உலகம் முழுக்கப் போர்டில் நிற்கிறது. ஆள் போன பிறகும் அவர் உடுப்பு ஊருக்குச் சோறு போடுகிறது. ஆனால் உங்கள் காலத்தை அளவுகோலாக வைத்துப் பேரனை அளக்காதீர்கள். "எங்க வாத்தியார் மாதிரி வருமா?" என்று நீங்கள் கேட்கிறபோது, அவன் காதில் "உன்னைப் போல ஒருவன் எங்களுக்குத் தேவையில்லை" என்றுதான் விழுகிறது. இரண்டு வருஷம் அப்படிச் சொன்னால் போதும், அவன் பிறகு உங்கள் அறைக்கு வர மாட்டான்.

இன்னொன்று. எடுத்துக்கொண்ட காலத்திலிருந்து எதைச் செய்கிறீர்கள் என்று பாருங்கள். சித்திரை வெயிலில் பஸ் ஸ்டாப் ஓரம் பந்தல் போட்டு நீர்மோர் ஊற்றுகிற பழைய மன்றத்துக்காரர்கள் இன்றும் இருக்கிறார்கள். பென்ஷன் பணத்தில் தயிர் வாங்கிக் கடைந்து, இஞ்சியும் கறிவேப்பிலையும் தட்டிப்போட்டு, யார் எந்தக் கட்சி என்று கேட்காமல் கொடுக்கிறார்கள். நானும் வாங்கிக் குடித்திருக்கிறேன். சிவாஜி ரசிகன் என்று தெரிந்தே ஒருவர் இரண்டாவது டம்ளரும் கொடுத்தார். "உங்க ஆளும் நல்லாத்தான் நடிச்சாரு" என்று ஒரு வார்த்தை கூடவே வந்தது. ஐம்பது வருஷச் சண்டைக்கு அது போதும். தொப்பியில்லாமல் இருந்திருந்தால் அவர் அந்த வெயிலில் நின்றிருப்பாரா என்று கேட்டால், நின்றிருக்க மாட்டார். அந்த உடுப்பு அவரை நிற்க வைத்திருக்கிறது. வேறொருவர் அதே தொப்பியைப் போட்டுக்கொண்டு தேர்தலுக்குத் தேர்தல் ஜீப்பின் முன்னால் நின்று, ராத்திரி பொட்டலத்தையும் கைச்செலவுக்குக் கொடுத்ததையும் வாங்கிக்கொண்டு போகிறார். வண்டியில் இருக்கிறவர்களுக்கு அவர் பெயர் தெரியாது. "அந்தத் தொப்பியக் கூப்புடு" என்பார்கள். 1973இல் அவரைத் தேடி வந்து பெயர் கேட்டார்கள். இன்றைக்கு அவரைப் பெயரில்லாமல் ஆக்கியதும் அதே தொப்பிதான். இதில் வருத்தப்பட வேண்டியவர் அவர் அல்ல, அழைத்துப் போகிறவர்கள்.

எம்.ஜி.ஆர். படங்கள் திரும்பத் திரும்ப வரும். 2014இல் 'ஆயிரத்தில் ஒருவன்' புதுமெருகோடு வந்து சென்னையில் நூறு நாள் தாண்டி ஓடியது. மதுரையில் பழைய படம் போட்டால் இங்கிருந்து ரயிலேறிப் போகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அவரைப் பற்றிப் புத்தகங்களும் ஆராய்ச்சிகளும் ஏராளம். எம்.எஸ்.எஸ். பாண்டியன் எழுதினார், மதுரை மன்றங்களைப் பற்றி அமெரிக்காவிலிருந்து வந்த சாரா டிக்கி எழுதினார். அவரைத் தூக்கி நிறுத்திய திண்டுக்கல்காரர்களைப் பற்றி எழுதியது குறைவு. சுருட்டு சுற்றிய அண்ணனிடம் யாரும் கேட்டு எழுதிக்கொள்ளவில்லை. அவர் போய்விட்டார். மாயத்தேவரும் 2022 ஆகஸ்டில் போய்விட்டார்.

அந்த இடைத்தேர்தலில் ஓட்டுப் போட இருபத்தொரு வயது ஆகியிருக்க வேண்டும். பதினெட்டு ஆனது 1989இல்தான். அப்படியானால் 1973இல் தன் கன்னி ஓட்டைப் போட்டவர்களில் மிக இளையவர்கூட 1952க்குள் பிறந்தவர். உங்கள் வீட்டில், உங்கள் தெருவில் தொப்பியோடு ஒருவர் இருந்தால், வேடிக்கைக்கு அவரைப் படம் பிடிக்கிற அதே செல்போனை எதிரில் வைத்து, ஒரு மணி நேரம் பேசச் சொல்லிப் பதிந்துகொள்ளுங்கள். எம்.ஜி.ஆரைப் பற்றிக் கேட்காதீர்கள், அது எல்லோரிடமும் இருக்கிறது. அவர் அப்போது என்ன வேலை பார்த்தார், என்ன கூலி வாங்கினார், எந்தப் பள்ளிக்கூடத்தில் போய் ஓட்டுப் போட்டார், அன்றைக்கு யாரோடு நடந்து போனார் என்று கேளுங்கள். அடுத்த ஜனவரி வரைக்கும் தள்ளிப்போடாதீர்கள்.